ஸ்பானிய மூதாதையரைத் தேட: பங்குக் கோயில் பதிவேடா, நோட்டரி ஆவணமா?

என் கணவரின் தாய்வழி மூதாதையர் ஒருவர் 18ஆம் நூற்றாண்டில் ஸ்பெயினின் புர்கோஸ் பகுதியில் வாழ்ந்தவர். 1871க்குப் பிறகு பிறந்திருந்தால் சிக்கலே இல்லை. அந்த ஆண்டு தொடங்கிய குடிமைப் பதிவகத்தின் பிறப்புச் சான்றில் தாத்தா பாட்டி பெயர்கள்கூட இருக்கும். அதற்கு முந்தியவர்களுக்கு இரண்டே பெரிய வழிகள்: ஊர்க் கத்தோலிக்கக் கோயிலின் (பங்குக் கோயிலின்) பதிவேடு, நோட்டரி ஆவணம்.

பங்குக் கோயில் பதிவேட்டைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. திருமுழுக்கு, திருமணம், அடக்கம் மூன்றும் வரிசையாக இருக்கும். மணமான பெண்ணும் பிறந்த வீட்டுப் பெயரையே வைத்துக்கொள்வதால் தாய்வழியைத் தொடர்வது எளிது. வம்சாவளி வரைய இது போதும்.

மனிதரை அறிய வேண்டுமானால் நோட்டரி ஆவணங்களுக்குத்தான் என் ஓட்டு. அன்றைய நோட்டரிகள், அதாவது எஸ்கிரிபானோ எனப்பட்ட பத்திர எழுத்தர்கள், தாங்கள் எழுதிய பத்திரங்களைப் பேரேடாகக் காக்க வேண்டும் என்று 1503இலேயே அரசாணை வந்தது. நிலக் கிரயம், சீர்வரிசைப் பட்டியல், தொழில் பழகும் ஒப்பந்தம், உயில் எல்லாம் அதில் உண்டு. யாருக்குக் கடன்பட்டார், எந்த மகளுக்கு முன்கூட்டியே பங்கு கொடுத்தார், தன் ஆன்மாவுக்கு எத்தனை பூசை கேட்டார் என்பதை உயில்தான் சொல்லும்.

ஆனால் தேடிக் கண்டுபிடிப்பதில்தான் எல்லாமே இருக்கிறது. நூறாண்டு கடந்த பேரேடுகள் பெரும்பாலும் மாகாண வரலாற்று ஆவணக் காப்பகங்களில் இருக்கின்றன. அவை எழுத்தர் வாரியாக, ஆண்டு வாரியாகக் கட்டப்பட்டவை. பலவற்றுக்கு ஆள்பெயர் அட்டவணை கிடையாது. எழுத்தர் யார் என்று தெரியாமல் போனால் பக்கம் பக்கமாகப் புரட்ட வேண்டியதுதான். அதற்கான துப்பு பங்குக் கோயிலின் அடக்கப் பதிவிலேயே கிடைக்கிறது: இன்ன எழுத்தர் முன் உயில் எழுதினார் என்று பாதிரியார் குறித்திருப்பார். "ஏழை, உயில் எழுதவில்லை" என்றிருந்தால் அந்தக் கதவு மூடியது. நிலம் இருந்தவர் என்றால் 1768இல் தொடங்கிய அடமானப் பதிவேடுகளையும் பார்க்கலாம். அவையும் பத்திரத்தின் தேதியையும் எழுத்தரையும் காட்டும்.

18ஆம் நூற்றாண்டுக் கையெழுத்து பழகிவிடும். 17ஆம் நூற்றாண்டின் சங்கிலிபோல் பின்னிய எழுத்தை நான் தட்டுத்தடுமாறித்தான் படிக்கிறேன். புர்கோஸ் அடங்கிய காஸ்தில் பகுதி தவிர வேறெங்கும் தேடிய அனுபவமும் எனக்கில்லை. கட்டலோனியாவிலும் வலென்சியாவிலும் 1936இல் பல கோயில்களின் பதிவேடுகள் எரிந்துபோயின. அங்கே நோட்டரி பேரேட்டிலிருந்தே தொடங்க வேண்டியிருக்கலாம்.