சீரியல் வசனமா, வெப்சீரிஸா?

வடசென்னையில் தண்டையார்பேட்டையிலோ வியாசர்பாடியிலோ இருந்து எழுத வருகிறவருக்கு முதலில் திறக்கும் கதவு சீரியல் வசனம்தான். பலருக்கு ஆசை வெப்சீரிஸ் மேல். இரண்டும் ஒரே தொழில் இல்லை.

சீரியலில் கதை, திரைக்கதை, வசனம் மூன்றுக்கும் தனித்தனி ஆள். திரைக்கதைக்காரர் சீன் ஆர்டர், அதாவது காட்சிகளின் வரிசைப் பட்டியல், அனுப்புவார். அதை வசனகர்த்தா வசனத்தோடு கூடிய சீன் பேப்பராக்க வேண்டும். அரை மணி நேர ஸ்லாட்டில் விளம்பரம் போக 20 முதல் 22 நிமிடம். வாரம் ஆறு நாள் ஒளிபரப்பென்றால் இரண்டு மணி நேரச் சரக்கு, அதாவது வாராவாரம் ஒரு முழுப் படம். கையில் எபிசோட் பேங்க் (முன்கூட்டியே எடுத்து வைத்த எபிசோட்கள்) இல்லாத யூனிட்டில் காலை எழுதியது மதியம் ஷூட் ஆகும். நாயகிக்குக் கால்ஷீட் இல்லையென்றால் அவள் பேச வேண்டியதை மாமியார் வாயில் மாற்றித் தர ஒரு மணி நேரம் கிடைத்தாலே பெரிது. வியாழக்கிழமை ரேட்டிங் சரிந்தால் கதைப் போக்கே மாறும்.

புதியவர்கள் சறுக்குவது வாக்கிய நீளத்தில். தமிழ் தெரியாத நடிகர்களுக்கு உதவி இயக்குநர் வசனத்தைச் சொல்லச் சொல்ல, அவர்கள் திருப்பிச் சொல்கிறார்கள். ஏழெட்டுச் சொல்லைத் தாண்டினால் மூச்சு உடையும், முகபாவமும் போய்விடும். இன்னொன்று, ‘இன்னா நைனா’ பாஷை ரவுடிக்கும் ஆட்டோக்காரருக்கும்தான் கேட்பார்கள். நம் ஏரியா ஆள் என்பதற்காக அந்த மாதிரிப் பாத்திரங்களையே தலையில் கட்டினால், குடும்பக் காட்சி ஒன்றையும் கேட்டு வாங்குங்கள். குழாயடிச் சண்டையை நேரில் பார்த்தவருக்கு மாமியார் மருமகள் வாக்குவாதம் தடுமாறாது.

வெப்சீரிஸில் அவசரம் குறைவு, ஆபத்து அதிகம். கருத்துக் குறிப்பு, பைபிள் (கதையையும் பாத்திரங்களையும் முழுதாக விளக்கும் தொகுப்பு), பைலட் என்னும் முதல் எபிசோட் என்று போய், நாலைந்து டிராஃப்ட் ஆகும். பணம் தவணையாக வரும். பெரும்பாலும் எழுதி முடித்ததற்கல்ல, ஒப்புதல் கிடைத்ததற்கு. ஓடிடி தளத்தில் அதிகாரி மாறினால் ஒப்புதலே வராமல் நின்றுபோகும். எனவே ‘டிராஃப்ட் ஒப்படைத்ததும் தொகை’ என்று எழுதி வாங்க வேண்டும். பதிப்புரிமைச் சட்டம் 19-வது பிரிவின்படி, உரிமை மாற்றத்தில் காலம் குறிப்பிடாவிட்டால் அது 5 ஆண்டு. வாங்கியவர் ஒரு வருடம் பயன்படுத்தாவிட்டால் அவருக்குத் தந்த உரிமை காலாவதியாகும், ஒப்பந்தத்தில் வேறு மாதிரி சொல்லியிருந்தாலொழிய. அந்த ‘வேறு மாதிரி’ வரியைத் தேடிப் படியுங்கள்.

சீரியலில் சம்பளம் எபிசோட் கணக்கு. எழுதிய எபிசோட் எண்ணைத் தேதியோடு குறித்துவைக்காதவர் பாக்கி கேட்கும்போது மாட்டிக்கொள்வார். பணம் தரும்போதே பிடிக்கும் வரியான டிடிஎஸ் பொதுவாக 10 சதவீதம். வருமானம் வரி வரம்புக்குள் இருந்தால் ரிட்டர்ன் போட்டுத் திரும்பப் பெறலாம்.

எங்கள் கணிப்பு: கையில் ஒரு வருடச் செலவுக்குப் பணமில்லாதவர் சீரியலிலேயே இருந்து, ஓய்வில் பைபிள் எழுதட்டும். கதை டிஸ்கஷன் வடபழனிப் பக்கம் என்றால் தண்டையார்பேட்டையில் மெட்ரோ ஏறி சென்ட்ரலில் பச்சை வழிக்கு மாறலாம். இரவு 11-ஐத் தாண்டி மெட்ரோ கிடைக்காத நாளில் வண்டிச் செலவு யாருடையது என்பதை முதல் நாளே பேசிவிடுங்கள்.