ட்ரைவ் ஷாஃப்ட் மாற்றக் கொடுத்தால் தேநீர் குடிக்கப் போகாதீர்கள்

போன மாதம் எனக்கு நடந்ததை எழுதுகிறேன். கராஜின் பெயரை எழுதப்போவதில்லை. அதற்கு ஒரு காரணம் இருக்கிறது, பின்னால் வரும். ஹட்டன், கொட்டகலை, தலவாக்கலை, நானுஓயா என்று ஏ7 வீதியில் பழைய கார் ஓட்டுகிறவர்கள் வாசித்து வையுங்கள்.

என்னிடம் இருப்பது 2003ஆம் வருட டொயோட்டா கொரோலா 121, ஒட்டோ கியர். இன்னுமா அதை வைத்திருக்கிறாய் என்று கேட்கிறவர்களுக்கு: 2020 மார்ச்சில் இலங்கையில் வாகன இறக்குமதியை நிறுத்தினார்கள், தனியார் கார்களுக்கு 2025 பெப்ரவரியில்தான் மறுபடியும் வழி விட்டார்கள். அதற்குப் பிறகும் வரியோடு சேர்த்து விலை சொன்னால் ஆசிரியர் சம்பளக்காரன் சிரித்துவிட்டு வீட்டுக்கு வரவேண்டியதுதான். ஆகவே 121ஐத் திருத்தித் திருத்தித்தான் ஓட்டுகிறோம்.

ஸ்டியரிங்கை முழுசாக ஒடித்தால் முன் இடது சில்லுப் பக்கம் 'டக் டக் டக்' என்று சத்தம். குனிந்து பார்த்தால் சி.வி. ஜொயின்டின் (கியர் பொக்ஸிலிருந்து சில்லைச் சுழற்றுகிற ட்ரைவ் ஷாஃப்டின் முனையில் இருக்கிற மூட்டு) ரப்பர் பூட் கிழிந்து, கிறீஸ் சில்லின் உள்பக்கமெல்லாம் அப்பியிருந்தது. எங்கள் பாதைகளில் இது சீக்கிரம் போகும். கொழும்பில் ஒருவர் ஒரு வாரத்தில் ஒடிக்கிற ஸ்டியரிங்கை நாம் ஒரு காலையில் ஒடிக்கிறோம். அதோடு மழை, சேறு. பூட் கிழிந்தால் சேறு உள்ளே போய் ஜொயின்டைத் தின்றுவிடும். இதில் யாரையும் குறை சொல்ல முடியாது.

கராஜ் பாஸ், அதாவது அங்கத்தைய மெக்கானிக், பார்த்த மாத்திரத்தில் சொன்னார்: "சேர், ஜொயின்ட் மட்டும் மாத்தி வேலையில்ல. முழு ஷாஃப்டையே போட்டுருவோம். கொழும்பு பஞ்சிகாவத்தையில நம்ம ஆள் இருக்கான். ஜப்பான் ரீகண்டிஷன். நாளைக்கே பஸ்ல வந்துரும்."

முப்பத்திரண்டாயிரம் ஷாஃப்டுக்கு, ஏழாயிரத்து ஐந்நூறு கூலிக்கு. சரி என்றேன். பில் கேட்கவில்லை. இது என் முதல் பிழை.

மறுநாள் காலை பத்து மணிக்கு வேலை தொடங்கியது. பழைய ஷாஃப்ட் அரை மணியில் வெளியே வந்துவிட்டது. புதியதை உள்ளே தள்ளும்போதுதான் சிக்கல். கியர் பொக்ஸுக்குள் போகிற முனை முக்கால்வாசி போகிறது, கடைசிக் கொஞ்சம் போக மறுக்கிறது. பெருவிரல் அகலத்துக்கும் குறைவான இடைவெளிதான். பாஸ் சுத்தியலை எடுத்தார். சில்லுப் பக்கத்து முனையில், நட் மாட்டுகிற புரியின் மேலேயே, கட்டை எதுவும் வைக்காமல் அடித்தார். அடிக்கிற ஒவ்வொரு அடிக்கும் எனக்குப் பல் கூசியது. "இது சரியான சாமான்தானா பாஸ்?" என்று கேட்டேன். "சாமான் சரி சேர், கொஞ்சம் டைட்டா இருக்கு. நீங்க போய் ஒரு டீ குடிச்சிட்டு வாங்க."

போனேன். இது இரண்டாவது பிழை.

திரும்பி வந்தபோது சில்லுகூட மாட்டியாகிவிட்டது. "எப்படிப் போச்சு?" என்றதற்கு, "போகாம எங்க போகும்" என்று சிரித்தார். பழைய ஷாஃப்டைக் கேட்டேன். அதைக் கொழும்புக்குத் திருப்பி அனுப்ப வேண்டுமாம். அப்படி ஒரு பேச்சு முன்பு வரவே இல்லை. காசைக் கையில் கொடுத்துவிட்டு வந்தேன்.

மறுநாள் காலையில் கார் நின்ற இடத்தில் கைக்குட்டை அளவுக்குச் சிவப்புக் கறை. கியர் ஒயில். போன் எடுத்தால், "புது ஷாஃப்ட் போட்டா ரெண்டு நாளைக்கு அப்படித்தான் கசியும் சேர், சீல் செட் ஆகணும்" என்றார். இந்தப் பதிலை யார் சொன்னாலும் நம்பாதீர்கள். ஷாஃப்ட் நுழைகிற வாயிலுள்ள ஒயில் சீலின் உதடு நல்லதாக இருந்தால் முதல் நாளே கசியாது. வெட்டுப்பட்டிருந்தால் எத்தனை நாள் போனாலும் அது ஒட்டிக்கொள்ளப் போவதில்லை. எனக்கு அன்றைக்கு இது தெரியாது.

ஐந்தாவது நாள் அம்மாவை நுவரெலியா ஆஸ்பத்திரி கிளினிக்குக்குக் கூட்டிப்போனேன். நானுஓயாவுக்கு முன்னால் ஒரு ஏற்றத்தில், வளைவை எடுத்து நிமிர்த்துகிற நேரம், கீழே ஏதோ கழன்றதுபோல ஒரு சத்தம். அவ்வளவுதான். எக்ஸிலேட்டரை அமுக்கினால் எஞ்சின் கத்துகிறது, கார் நகரவில்லை. பின்னால் சரிய ஆரம்பித்தது. பிரேக் பிடித்தது, நல்ல காலம். கியரை 'பி'யில் போட்டுவிட்டு பிரேக்கை விட்டேன். கார் மறுபடி பின்னால் போனது!

இதை எத்தனை பேர் அறிந்திருக்கிறார்கள் என்று தெரியாது, ஆகவே கொஞ்சம் விரித்துச் சொல்கிறேன். ஒட்டோ காரில் 'பி' போட்டால் பூட்டு விழுவது சில்லில் இல்லை, கியர் பொக்ஸுக்குள். அங்கிருந்து சில்லுக்கு அந்தப் பிடியைக் கொண்டுவருவது இரண்டு ட்ரைவ் ஷாஃப்டும்தான். ஒரு பக்கம் கழன்றால், இரண்டு சில்லுக்கும் பலத்தைப் பிரித்துக் கொடுக்கிற டிஃபரன்ஷியலில் அந்தப் பக்கத்துப் பல்சக்கரம் சும்மா சுற்றும், மற்றப் பக்கத்துச் சில்லும் அதனால் விடுபட்டுவிடும். எஞ்சின் பலமும் அந்தக் கழன்ற பக்கத்தில்தான் வீணாகப் போகும். 'பி' இருந்தும் இல்லாத கணக்கு. அந்த நேரத்தில் கால் பிரேக்கை விட்டால் உங்களைக் காப்பாற்றுவது பின் சில்லைப் பிடிக்கிற ஹேண்ட் பிரேக் மட்டும்தான். நான் அதை இழுத்துவிட்டேன். பின்னால் வந்த த்ரீவீல்காரத் தம்பி ஒருவர் இறங்கி ஓடிவந்து டயருக்கு அடியில் ஒரு கல்லைத் தள்ளினார். அம்மா முன் சீட்டில் இருந்தபடி முருகா முருகா என்றுகொண்டிருந்தார். வழக்கமாக நேரம் மிச்சம் என்று ரதெல்ல குறுக்கு வீதியால் போகிறவன் நான். 2023 ஜனவரியில் ஏழு பேர் செத்த அந்த இறக்கத்தில் இது நடந்திருந்தால் என்ற நினைப்பு அன்று இரவு முழுவதும் தூங்க விடவில்லை.

கார் நின்ற இடத்தில் ஒயில் ஆறாக ஓடியது. கொழுந்து நிறுத்துவிட்டு வந்துகொண்டிருந்த அக்காமார் நான்கு பேர் யாரும் சொல்லாமலே வீதியோரத்து மண்ணை அள்ளி அதன் மேல் போட்டார்கள். "பஸ்ஸு வழுக்கிரும் சேர்" என்றார் ஒருவர். எனக்கு அது தோன்றவே இல்லை.

கெரியர் லொறிக்குப் பன்னிரண்டாயிரம். இந்தமுறை கராஜுக்குப் போகவில்லை. எங்கள் பக்கத்துத் தோட்டத்து ஸ்டோரில், அதாவது தேயிலைத் தொழிற்சாலையில், பல வருடம் பிட்டராக இருந்து ஓய்வுபெற்ற ஒரு மாமாவிடம் கொண்டுபோனேன். தேயிலை அரைக்கிற ரோலர் தொடக்கம் மேலாளர் ஜீப் வரை எல்லாவற்றையும் கையால் பார்த்த மனிதர். இப்போது வீட்டு முற்றத்தில்தான் வேலை.

அவர் ஷாஃப்டை வெளியே எடுக்க ஒரு நெம்பும் தேவைப்படவில்லை. ஒரு கையால் இழுத்தார், வந்தது. முனையைத் துணியால் துடைத்துவிட்டு என்னிடம் நீட்டினார்.

"இந்தக் காடியப் பாரு தம்பி. இதுல ஒரு வளையம் இருக்கணும். எங்க?"

ஷாஃப்டின் உள் முனையில் பற்கள் முடிகிற இடத்தில் சுற்றிவர மெல்லிய ஒரு காடி, அதாவது பள்ளம். அதில் சர்க்கிளிப் என்ற கம்பி வளையம் உட்காரவேண்டும். ஷாஃப்ட் போகும்போது வளையம் சுருங்கிக் கொடுக்கும், பல்சக்கரத்தைத் தாண்டியதும் விரிந்து பிடித்துக்கொள்ளும். ஷாஃப்ட் வெளியே நழுவாமல் வைத்திருப்பது அது ஒன்றுதான். என்னுடையதில் வளையமே இல்லை. சில்லு மேடுபள்ளத்தில் ஏறி இறங்கும்போது ஷாஃப்டின் நீளம் கூடிக் குறையும், அதற்காகவே உள் ஜொயின்ட் ஒரு கப்புக்குள் நழுவுகிற மாதிரி செய்யப்பட்டிருக்கிறது. வளையம் இல்லாதபடியால் ஒவ்வொரு ஆட்டத்திலும் கொஞ்சம் கொஞ்சமாக வெளியே வந்து, ஐந்தாம் நாள் பல்லை விட்டுவிட்டது.

மாமாவுக்கு முதல் கவலை வேறு. வளையம் உடைந்து கியர் பொக்ஸுக்குள் விழுந்திருந்தால்? மிச்ச ஒயிலை வடித்து, காந்தத்தை விட்டுத் துழாவினார். ஒன்றும் இல்லை. சீலின் உதட்டில் மட்டும் நகக்கீறல் மாதிரி ஒரு வெட்டு. சாய்வாக வைத்து அடித்தபோது ஷாஃப்டின் பல் கிழித்திருக்கிறது.

சுத்தியல் அடி பற்றிச் சொன்னேன். சிரித்தார். "வெளி முனையில அடிச்சா அடி எங்க போகும்? இந்தக் கப்புக்குள்ள ஜொயின்ட் நழுவி முழுங்கிரும். வளையத்துக்குப் போய்ச் சேராது. நாள் முழுக்க அடிக்கலாம்."

ஹட்டனில் முந்நூற்றைம்பது ரூபாவுக்குப் புது வளையம் வாங்கி வந்தேன். புது சீல், புது நட், அந்த கியர் பொக்ஸுக்குரிய டி-ஃபோர் ஒயில். அவர் செய்த விதத்தை அப்படியே சொல்கிறேன். வளையத்தைக் காடியில் போட்டு, கொஞ்சம் கிறீஸ் தடவி நடுவில் நிற்கவைத்தார். வளையத்தின் வாய் கீழ்நோக்கி இருக்கவேண்டும் என்றார். டொயோட்டா மனுவலிலும் அப்படித்தான் இருக்கிறது. சீல் உதட்டுக்கு ஒயில் பூசினார். ஷாஃப்டை மட்டமாகப் பிடித்து, பல்லோடு பல் சேரும்வரை மெதுவாகத் திருப்பினார். அப்புறம் உள் ஜொயின்டின் கப்பைப் பிடித்து ஒரே தள்ளு. 'டக்'. அந்தச் சத்தம் கேட்டதும் நின்றுவிட்டார். கப்பை வெளியே இழுத்துப் பார்த்தார், வரவில்லை. இரண்டு மூன்று மி.மீ. ஆட்டம் இருந்தது, அது இருக்கவேண்டியதுதான். நடுக்கம்பியைப் பிடித்து இழுக்கக்கூடாதாம், ஜொயின்ட் உள்ளுக்குள் கழன்றுவிடும். பரிசோதனை எப்போதும் கப்பில்தான்.

மூன்று நிமிடம். அவ்வளவு நேரம்தான் எடுத்தது. ஷாஃப்ட் சரியான சாமான்தான், அந்த விஷயத்தில் பாஸ் பொய் சொல்லவில்லை.

நட் பூட்டும்போதுதான் பழைய சுத்தியல் வேலை திரும்பி வந்தது. முனைப் புரி தட்டையாகி, நட் ஏற மறுத்தது. அரத்தால் ஒரு மணி நேரம் நோண்டி ஏற்றினார். அந்த நட்டை 216 நியூட்டன் மீற்றருக்கு இறுக்கவேண்டும், பிறகு அதன் விளிம்பைத் தட்டிப் பள்ளத்தில் மடிக்கவேண்டும். இறுகியது. ஆனால் அடுத்தமுறை கழற்றினால் இந்தப் புரி நிற்கும் என்று சொல்லமுடியாது என்றார்.

கராஜுக்குப் போய்க் கேட்டேன். "எங்கயாவது பள்ளத்துல விட்டிருப்பீங்க சேர். நான் கிளிப் போட்டுத்தான் குடுத்தேன்." நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபை இருக்கிறது, 1977க்கு அழைக்கலாம், சேவை பெற்று மூன்று மாதத்துக்குள் முறைப்பாடு கொடுக்கலாம் என்பதெல்லாம் எனக்குத் தெரியும். பிள்ளைகளுக்கு வகுப்பில் சொல்லிக்கொடுத்தும் இருக்கிறேன். கையில் ஒரு துண்டுக் கடதாசி இல்லை. பழைய ஷாஃப்டும் இல்லை. எதைக் காட்டுவது?

திரும்பி வரும்போது பஸ் நிறுத்தத்தில் அந்தக் கராஜில் வேலை பழகுகிற பையன் நின்றான். என்னிடம் படித்தவன் இல்லை, ஆனாலும் சேர் என்றான். தானாகவே சொன்னான்: வந்த ஷாஃப்டில் இருந்த வளையம் நெளிந்து ஒரு பக்கம் தூக்கிக்கொண்டு நின்றதாம், அதனால்தான் போகவில்லையாம். நான் டீ குடிக்கப் போன நேரம் பாஸ் ஸ்குரூ ட்ரைவரால் அதைக் கழற்றி எறிந்துவிட்டு, "தள்ளுடா" என்றாராம். ஹட்டன் போய்ப் புது வளையம் வாங்கிவர ஒரு மணி நேரம் போகும், அடுத்த வேன் காத்துக்கொண்டிருந்தது. "நான் சொன்னேன்னு சொல்லிராதீங்க சேர்."

கராஜின் பெயரை எழுதாததற்கு அவன்தான் காரணம். அங்கே அவனையும் பாஸையும் தவிர வேறு ஆள் இல்லை.

கியர் பொக்ஸுக்கு நேர் கீழே ஒரு கார்ட்போட் மட்டையைப் போட்டுவைக்கச் சொன்னார் மாமா. தினமும் காலையில் டார்ச் அடித்துப் பார்க்கிறேன். இன்று பதினோராவது நாள், மட்டை காய்ந்தே இருக்கிறது. அம்மா மட்டும் அடுத்த கிளினிக்குக்கு பஸ்ஸில்தான் போவேன் என்கிறார்.