லைட்ரூமா, டார்க்டேபிளா: திருத்தம் எங்கே தங்குகிறது?

தனுஷ்கோடியில் பூநாரை இறங்கும் பருவத்தில் ஒரே காலையில் ஆயிரம் ரா கோப்புகள் (கேமரா பதப்படுத்தாமல் தரும் மூலப் படங்கள்) சேர்ந்துவிடும். அவற்றைக் கழித்து, தரம் பிரித்து, திருத்தி வைக்க எந்த மென்பொருள், லைட்ரூம் கிளாசிக்கா, டார்க்டேபிளா? இரண்டுமே மூலக் கோப்பைத் தொடாது. நட்சத்திரம், குறிச்சொல், ஜிபிஎஸ் இரண்டிலும் உண்டு. லைட்ரூம் சந்தா, டார்க்டேபிள் இலவசம்.

பறவையை மட்டும் தனியாகத் திருத்த ஒரே கிளிக்கில் மாஸ்க் எடுப்பதிலும், விடியற்காலை ஐஎஸ்ஓ 6400 படங்களின் இரைச்சலை நீக்குவதிலும் லைட்ரூம்தான் முந்தி. இருந்தும் என் ஓட்டு டார்க்டேபிளுக்கே. காரணம், செய்த வேலை தங்கும் இடம்.

லைட்ரூமில் எல்லாம் கேட்டலாக் என்ற டேட்டாபேஸுக்குள் கிடக்கிறது. வாரம் ஒருமுறை அது எடுக்கும் பேக்கப்பும் கேட்டலாக்குக்கு மட்டும்தான். படங்கள் அதில் வராது. பலர் ஏமாறுவது இங்கேதான். திருத்தங்களைப் படத்தின் பக்கத்தில் எக்ஸ்எம்பி என்ற சிறு துணைக் கோப்பில் எழுதும் வசதி முதலில் அணைந்திருக்கும். கேட்டலாக் செட்டிங்ஸில் மெட்டாடேட்டா பக்கத்தில் டிக் போட வேண்டும். போட்டாலும் விர்ச்சுவல் காப்பி (ஒரே படத்தின் மாற்றுத் திருத்தம்), கலெக்‌ஷன், ஹிஸ்டரி அதில் ஏறாது. சந்தா நின்றால் படம் பார்க்கலாம், எக்ஸ்போர்ட் செய்யலாம். டெவலப் பகுதி பூட்டிக்கொள்ளும்.

டார்க்டேபிளுக்கும் டேட்டாபேஸ் உண்டு. ஆனால் திருத்திய ஒவ்வொரு படத்தின் பக்கத்திலும் ஐஎம்ஜி_4021.சிஆர்3.எக்ஸ்எம்பி என்று ஒரு துணைக் கோப்பு உட்கார்ந்திருக்கும். திருத்தப் படிகள் அதற்குள். ஒரே படத்தை வேறு விதமாகத் திருத்த டார்க்டேபிளில் நகல் எடுத்தால் அதற்கும் தனித் துணைக் கோப்பு. உப்புக்காற்றில் லேப்டாப் செத்தாலும், வெளி ஹார்டு டிஸ்க்கில் இருக்கும் படங்களின் ஃபோல்டரை வேறு கணினியில் இம்போர்ட் செய்தால் வேலை எழுந்து வரும்.

கவனம் தேவைப்படும் இடங்களும் உண்டு. வெளியே, ஃபைல் மேனேஜரில் படத்தின் பெயரை மட்டும் மாற்றினால் துணைக் கோப்பு அநாதையாகிவிடும். திருத்தம் காணாமல் போனதுபோல் தெரியும். இரண்டு கணினிகளில் மாறி மாறி வேலை செய்கிறவர்கள், தொடங்கும்போது மாறிய எக்ஸ்எம்பியைத் தேடும் அமைப்பை இயக்கிவைக்க வேண்டும். டேட்டாபேஸ் லேப்டாப்பின் எஸ்எஸ்டியிலேயே இருக்கட்டும். கரண்டு போகும் ஊரில், எழுதிக்கொண்டிருக்கும்போதே வெளி டிஸ்க்கின் இணைப்பு அறுந்தால் எக்ஸ்ஃபேட் என்ற முறையில் ஃபார்மட் செய்த டிஸ்க் எளிதில் குழம்பும்.

லைட்ரூமிலிருந்து மாறுகிறவர்கள் படங்களை மொத்தமாகத் தேர்ந்து கண்ட்ரோல்+எஸ் அழுத்தினால் மெட்டாடேட்டா எக்ஸ்எம்பியில் ஏறும். நட்சத்திரமும் குறிச்சொல்லும் டார்க்டேபிளுக்கு வந்துவிடும். நிறமும் டோனும் அப்படியே வராது, இரண்டின் கணக்கும் வேறு. முடித்த படங்களை 16-பிட் டிஃப் ஆக எடுத்துவைத்துவிட்டு, புதிய ஷூட்டிலிருந்து தொடங்குவது நல்லது.

டார்க்டேபிளின் மாட்யூல் (திருத்தக் கருவி) பட்டியலைப் பார்த்து மிரள வேண்டாம். எக்ஸ்போஷர், சிக்மாய்டு (ஒளி-நிழல் அளவை அமைப்பது), லென்ஸ் கரெக்‌ஷன், டீநாய்ஸ், கடல் மங்கலுக்கு ஹேஸ் ரிமூவல்: இந்த ஐந்தில் பெரும்பாலான படங்கள் முடிந்துவிடும். ஃபியூஜி கேமராக்களின் கோப்புகளில் அதிகம் உழைத்ததில்லை, அவற்றுக்கு நான் தீர்ப்பு சொல்ல மாட்டேன். கேமரா புதிய மாடல் என்றால், ஒரு ரா கோப்பு திறக்கிறதா என்று பார்த்துவிட்டு மாறுங்கள்.