பென்சன்காரர் மேல் குடும்ப வழக்கு: நீதவான் நீதிமன்றமா, மாவட்ட நீதிமன்றமா?

புதுக்குடியிருப்பிலிருந்து ஓர் அக்கா வந்திருந்தா. துணிப்பைக்குள் பொலித்தீனில் சுற்றிய விவாகப் பதிவு. கணவர் அரசாங்க உத்தியோகத்தில் ஓய்வு பெற்று இப்போது வவுனியாவில் தனியே. இரண்டு வருடமாக ஒரு சதமும் அனுப்பவில்லை. "பென்சன் கந்தோர் கொழும்பில தானே தம்பி, வழக்கும் அங்கதான் போடவேணுமாம்" என்றா.

யாரோ தவறாகச் சொல்லியிருக்கிறார்கள். ஓய்வூதியத் திணைக்களம் மாளிகாவத்தையில் இருந்தால் இருந்துவிட்டுப் போகட்டும். வழக்குக்கு அது ஒரு பொருட்டில்லை. அரச ஊழியர் குடும்பத்துக்கென்று தனி நீதிமன்றமும் கிடையாது. நாம் எதைக் கேட்கிறோமோ அதற்கேற்றபடிதான் வாசல் மாறும். (முஸ்லிம் குடும்பங்களுக்குக் காதி நீதிமன்றம், அது வேறு கதை.)

சாப்பாட்டுக்கு, மருந்துக்குக் காசு வேண்டும் என்றால் 1999ஆம் ஆண்டின் 37ஆம் இலக்கப் பராமரிப்புச் சட்டம். நாங்கள் 'தாபரிப்பு வழக்கு' என்போமே, அதுதான். நீதவான் நீதிமன்றத்தில் போடுவது. அக்கா வவுனியாவுக்கு அலையத் தேவையில்லை, முல்லைத்தீவிலேயே போடலாம். கட்டளை வந்த பிறகும் அவர் கட்டாமல் விட்டால், ஒவ்வொரு மாத நிலுவைக்கும் ஒரு மாதம் வரை மறியல், அதாவது சிறை. 18 முதல் 25 வயது வரை உள்ள பிள்ளைக்கும் கேட்க வழியுண்டு. இச்சட்டத்தில் ஆண், பெண் பேதமில்லை. வருமானமில்லாத கணவர் பென்சன் எடுக்கும் ரீச்சர் மனைவியிடமும் கேட்கலாம்.

விவாகரத்து என்றால் மாவட்ட நீதிமன்றம். வழக்காளி வசிக்கும் இடத்து நீதிமன்றத்திலேயே தொடங்கலாம், ஆகவே தூரத்தில் பெரிய வித்தியாசமில்லை. வித்தியாசம் காலத்திலும் காரணத்திலும்தான். இருவரும் ஒத்துக்கொண்டால் போதும் என்பது இங்கே செல்லாது. பிறர்மனை உறவு, வேண்டுமென்றே கைவிட்டது, திருமணத்தின்போதே இருந்த தீராத ஆண்மைக்குறைவு, இவற்றில் ஒன்றை நிரூபிக்க வேண்டும். தீர்ப்பு வந்தாலும் அது முற்றாவதற்கு, அதாவது இறுதியாவதற்கு, குறைந்தது மூன்று மாதம் செல்லும். வழக்கு நடக்கும்போதும் முடிந்த பிறகும் பிரிமனைப்பணம், அதாவது விவாகரத்து வழக்கில் கேட்கும் வாழ்க்கைச் செலவுப் பணம், கேட்கலாம் என்பது உண்மை.

ஆனால் அறுபது தாண்டிய பெண்ணுக்கு நான் விவாகரத்தைச் சொல்லவே மாட்டேன். காரணம் விதவைகள், அநாதைகள் ஓய்வூதியம். அவர் சேவையில் இருந்த காலமெல்லாம் சம்பளத்தில் அதற்காகக் கழித்திருப்பார்கள். அவர் கண்ணை மூடினால் அந்தப் பணம் சட்டப்படியான விதவைக்கு. வேறொருத்தியோடு இருந்தார் என்பதால் அந்த மற்றவளுக்குப் போகாது, மரணசாதனம் (உயில்) எழுதியும் மாற்ற முடியாது. விவாகரத்து முற்றானால் அக்கா விதவையே இல்லை. இன்றைய கோபத்தில் நாளைய பென்சனைக் கையால் எழுதிக் கொடுத்த மாதிரி. வீடு வந்து அடிக்கிறார் என்றாலும் அதற்காக விவாகரத்துக்குப் போகத் தேவையில்லை. 2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்க வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டத்தின் கீழ் நீதவான் 14 நாள் வரை இடைக்காலக் கட்டளையும், பிறகு 12 மாதம் வரை பாதுகாப்புக் கட்டளையும் தரலாம்.

பலர் விழும் குழி ஒன்று இருக்கிறது. பெரியவர்கள் முன்னால் பேசி முடித்து, "இருவரும் விரும்பிப் பிரிகிறோம்" என்று ஒரு தாளில் கையெழுத்து வாங்குவார்கள். சண்டை ஓய்ந்த மாதிரி இருக்கும். ஆனால் இருவரும் சம்மதித்துப் பிரிந்திருந்தால் கணவன் மனைவிக்குத் தாபரிப்புக் கட்டளை இல்லை என்று அதே பராமரிப்புச் சட்டம் சொல்கிறது. தவணை அன்று எதிர்ப்பக்கச் சட்டத்தரணி முதலில் எடுப்பது அந்தத் தாளைத்தான். பிணக்கைப் பேசித் தீர்க்கும் இணக்கசபைக்குப் போனாலும் வாசிக்காமல் கையெழுத்து வைக்கக் கூடாது. அக்காவிடம் இதைக் கேட்டேன். "ஒண்டும் வைக்கேல்ல" என்றா. நல்லது.

விவாகரத்து எடுக்காமல் இருப்பதில் ஒரு தொல்லையும் உண்டு, மறைக்கக் கூடாது. வடக்குத் தமிழரின் வழமைச் சட்டமான தேசவழமைக்கு உட்பட்ட மனைவி தன் சீதனக் காணியை விற்கவும் கணவரின் எழுத்துச் சம்மதம் வேண்டும். அவர் தரமறுத்தால் மாவட்ட நீதிமன்றத்தில் மனுப் போட்டு, அந்தச் சம்மதம் இல்லாமலே விற்க அனுமதி கேட்கலாம். அக்காவுக்கு முள்ளியவளையில் தாய் தந்த இரண்டு பரப்புக் காணி இருக்கிறது, இப்போதைக்கு விற்கும் யோசனை இல்லை. அதனால் தாபரிப்பு வழக்குப் போதும். சட்டத்தரணிக்குக் காசில்லாவிட்டால் சட்ட உதவி ஆணைக்குழுவில் கேட்கலாம். விவாகப் பதிவோடு பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழையும் எடுத்துக்கொண்டு வரச் சொல்லியிருக்கிறேன்.