முர்மில்லோவா, திரேக்ஸா? நான் ஏன் சின்னக் கேடயக் கட்சி

அரங்கில் ஆயுதச் சண்டை போடும் கிளாடியேட்டர் வீரர்கள் விஷயத்தில் ரோமானிய மக்கள் இரண்டு கட்சியாகப் பிரிந்து கிடந்தார்கள். பெரிய கேடயக்காரனான முர்மில்லோவின் ரசிகர்கள் ஒரு பக்கம், சின்னக் கேடயக்காரனான திரேக்ஸின் ரசிகர்கள் இன்னொரு பக்கம். பேரரசர்களும் கட்சி சேர்ந்ததை ரோமானிய வரலாற்று எழுத்தாளர் சுவெட்டோனியஸ் எழுதி வைத்திருக்கிறார். கலிகுலா திரேக்ஸ் வீரர்கள் சிலரைத் தன் ஜெர்மானிய மெய்க்காவலர்களுக்குத் தலைவர்களாக்கினார். முர்மில்லோக்களின் கவசத்தைக் குறைத்தார். டைட்டஸும் திரேக்ஸ் பக்கம்தான். அவர் தம்பி டொமிஷியன் நேர் எதிர், முர்மில்லோ கட்சி. ‘முர்மில்லோவுக்கு திரேக்ஸ் ஈடுகொடுப்பான், போட்டி நடத்துகிறவருக்குத்தான் ஈடுகொடுக்க முடியாது’ என்று சொன்ன ஒரு குடும்பத் தலைவரை இருக்கையிலிருந்து இழுத்துவரச் செய்து நாய்களுக்குப் போட்டார்.

இதையெல்லாம் படிக்கப் படிக்க நானும் ஒரு பக்கம் சேர்ந்துவிட்டேன். என் ஆள் திரேக்ஸ்.

வலையும் சூலமுமாக வரும் ரெட்டியாரியஸை எல்லோருக்கும் தெரியும். அவனுக்கு செக்யூட்டர் என்ற வேறு வகை வீரன்தான் ஜோடி, அது தனிக் கணக்கு. ஈட்டியும் வட்டக் கேடயமுமாக வரும் ஹோப்லோமாக்கஸுக்குக் கால் கவசம் கிட்டத்தட்ட திரேக்ஸ் மாதிரியே. அவனையும் இப்போதைக்கு விட்டுவிடலாம்.

முர்மில்லோவுக்கும் திரேக்ஸுக்கும் பொதுவானவை நிறைய. இருவருக்கும் மார்பு திறந்தே இருக்கும். இடுப்பில் அகலமான வார், வாள் பிடிக்கும் கையில் கனமான பஞ்சுத் துணிச் சுற்று, தலையில் முகம் மூடிய வெண்கலக் கவசம். திரேக்ஸின் தலைக்கவச உச்சியில் கழுகு முகம் கொண்ட கிரிஃபின் என்ற புராண விலங்கு நிற்கும், அதை வைத்தே ஆளை அடையாளம் கண்டுவிடலாம். கி.பி. 79இல் வெசுவியஸ் எரிமலை மூடிப்போட்ட ரோமானிய நகரமான பாம்பேயின் வீரர் குடியிருப்பில் கிடைத்த தலைக்கவசங்களும் கால் கவசங்களும் இன்று நேப்பிள்ஸ் தொல்லியல் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன.

வாளைப் பற்றிச் சுருக்கமாகவே சொல்கிறேன், நான் வாள் பிடித்துப் பழகியவன் இல்லை. முர்மில்லோவின் வாள் நேரானது, நெருங்கிக் குத்துவதற்கு. திரேக்ஸின் வாளான சிக்கா வளைந்தது. கேடயத்தின் ஓரத்தைச் சுற்றி உள்ளே போய் விலாவையோ முதுகையோ கிழிக்க அந்த வளைவு உதவும். எதிராளி ஒளிந்திருப்பதே பெரிய கேடயத்துக்குப் பின்னால் என்னும்போது இது சரியான ஆயுதம் என்றுதான் எனக்குப் படுகிறது.

ஆனால் என்னைக் கட்சி சேர வைத்தது வாள் இல்லை, எடை. முர்மில்லோவின் கேடயம் தாடையிலிருந்து முழங்காலுக்குக் கீழ்வரை மறைக்கும். அதனால் இடது காலில் மட்டும் ஒரு குட்டைக் கவசம் போதும். திரேக்ஸின் கேடயம் மார்பை மறைத்தாலே அதிகம். அதை ஈடுகட்ட இரண்டு கால்களிலும் முழங்காலைத் தாண்டி ஏறும் உயரமான கவசம், அதற்கு மேல் தொடையைச் சுற்றிப் பஞ்சு வைத்துத் தைத்த துணி. இன்றைக்கு இந்தக் கவசங்களை மறுபடி செய்து அணிந்து பார்த்தவர்கள், முர்மில்லோவின் கேடயம் மட்டும் 6 முதல் 8 கிலோ வரும் என்றும், திரேக்ஸின் கேடயம் 3 கிலோ அளவில் நிற்கும் என்றும் கணக்கிடுகிறார்கள். மொத்தச் சுமையைக் கூட்டினால் இரண்டு பேருக்கும் பெரிய வித்தியாசம் இல்லை. அந்தச் சுமை எங்கே இருக்கிறது என்பதுதான் வித்தியாசம்.

திரேக்ஸின் வெண்கலம் காலோடு சேர்த்துக் கட்டப்பட்டது. கவசத்தின் ஓரத்து வளையங்களில் வாரைக் கோத்து இறுக்கிவிட்டால், அதைத் தூக்கிப் பிடிக்க ஒரு கை தேவையில்லை. முர்மில்லோவின் கேடயமோ நடுவில் இருக்கும் ஒரே கைப்பிடியில் தொங்குவது. முன்கையில் மாட்டிக்கொள்ள வார் கிடையாது. முழு எடையும் ஒரு முஷ்டியிலும் ஒரு தோளிலும். தண்ணீர் நிறைந்த குடத்தை இடது கையால் உடம்புக்கு முன்னால் நீட்டிப் பிடித்துப் பாருங்கள், தோள் எவ்வளவு சீக்கிரம் எரிகிறது என்று தெரியும். ஒரு சண்டை 10, 15 நிமிடம் போயிருக்கும் என்பது ஆய்வாளர்களின் கணிப்பு. அவ்வளவு நேரத்தில் கேடயம் ஒரு சாண் இறங்கினாலும் தோளும் கழுத்தோரமும் திறந்துகொள்ளும். திரேக்ஸ் அதற்காகத்தான் சுற்றிச் சுற்றி வந்து எதிராளியைத் திரும்ப வைக்க வேண்டும், திரும்பும் ஒவ்வொரு முறையும் கேடயமும் கூடவே திரும்பியாக வேண்டும்.

முர்மில்லோவுக்கும் நியாயம் இருக்கிறது. முதல் சில நிமிடங்களில் அவனிடம் குத்த இடமே கிடைக்காது. கேடயத்தை முன்தள்ளி மோதியே எதிராளியை நிலைகுலைய வைப்பான். சீக்கிரம் முடியும் சண்டை என்றால் நான் அவன் மேல்தான் பணம் கட்டுவேன்.

பாம்பேயின் சுவர்க் கிறுக்கல் ஒன்று செலாடஸ் என்ற திரேக்ஸைப் பெண்களின் பெருமூச்சு என்கிறது. அதனால் திரேக்ஸ் நல்ல வீரன் என்று ஆகிவிடாது. இருந்தாலும் என் கட்சிக்காரன் பெயர் சுவரில் இருப்பதில் எனக்கு சந்தோஷம்.

ஒரே ஒரு இடத்தில் எனக்குத் தயக்கம். இடது கை வீரர்களைக் கல்வெட்டுகள் தனியாகக் குறிப்பிடுகின்றன; செக்யூட்டராக இறங்கிய பேரரசர் கொமோடஸ்கூட தன் இடது கைப் பழக்கத்தைப் பெருமையாகச் சொல்லிக்கொண்டவர். இடது கை முர்மில்லோ எதிரே வந்தால், அவன் வாள் திரேக்ஸின் கேடயம் இல்லாத வலது பக்கத்தை நேராகப் பார்க்கும். திரேக்ஸின் சிக்காவுக்கும் அதேபோல் அவனுடைய இடது பக்கம் திறந்திருக்கும்தான். ஆனால் அகலமாக வளைந்த அவன் கேடயம் லேசாக நகர்ந்தாலே அந்தப் பக்கமும் மூடிவிடும், திரேக்ஸின் கேடயத்துக்கு அந்த அகலம் இல்லை. அந்த ஜோடியில் மட்டும் நான் டொமிஷியன் கட்சி.