ஹட்டன் - நுவரெலியா தினசரிப் பயணம்: ரயில் சீசன் கட்டுமா?

டிக்கெட்டை மட்டும் பார்த்தால் ரயில் சீசன், அதாவது மாத டிக்கெட்தான் மலிவு. ஆனால் நுவரெலியாவுக்கு இறங்க வேண்டிய நானுஓயா ஸ்டேஷன் டவுனிலிருந்து சுமார் 8 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. அங்கிருந்து பஸ், அது தவறினால் ஓட்டோ. மாதம் 24 நாள் வேலை என்றால் அந்த 8 கிலோமீட்டரை 48 தடவை கூட்டிப் பாருங்கள், சீசனின் லாபம் கரைந்துவிடும். மலைப்பாதை ஒற்றைத் தண்டவாளம் வேறு; ஒரு ரயில் பிந்தினால் எதிரே வருவதும் ஸ்டேஷனில் காத்துக் கிடக்கும். நேரத்துக்குக் கையெழுத்து வைக்க வேண்டியவர்களுக்கு டவுனுக்குள்ளேயே இறக்கிவிடும் பஸ்தான் நல்லது.

மோட்டார் சைக்கிளா? பெட்ரோலோடு கணக்கை நிறுத்தாதீர்கள். இறக்கத்தில் பிரேக்கையே பிடித்துக்கொண்டு வந்தால் பேட் சூடேறிப் பிடிமானம் குறையும், சீக்கிரம் தேயும். இரண்டாம் கியரில் இறக்குங்கள். டயர், செயின், நல்ல மழைக்கோட்டு மூன்றையும் மாதச் செலவில் சேருங்கள்.