ஒரே 'லா', இரண்டு உரிமையாளர்கள்: கிரியோல் இலக்கணம் பற்றிய கொள்கைகள், ஓர் ஒப்பீட்டு அலசல்

பல மொழிக்காரர்கள் ஒரே இடத்தில் கூட நேர்ந்தபோது பிறந்து, ஒரு சமூகத்தின் தாய்மொழியாகவே ஆகிவிட்ட மொழியைக் கிரியோல் என்பார்கள். ஹைட்டி கிரியோலில் 'தாப்' என்றால் மேசை. பேசுபவருக்கும் கேட்பவருக்கும் தெரிந்த குறிப்பிட்ட மேசை என்றால் 'தாப் லா'. சொல் பிரெஞ்சுச் சொல்தான். ஆனால் பிரெஞ்சில் 'லா' பெயருக்கு முன்னால் வரும். இங்கே பின்னால் வருகிறது. ஏன் பின்னால்?

மேற்கு ஆப்பிரிக்க ஃபோன் மொழியில் இதே வேலையைச் செய்யும் உருபு பெயருக்குப் பின்னால்தான் வரும், ஹைட்டியின் பிரெஞ்சுத் தோட்டங்களுக்குக் கொண்டுவரப்பட்ட அடிமைகள் அதைக் கொண்டுவந்தார்கள் என்கிறது ஒரு கட்சி. பேச்சுப் பிரெஞ்சில் 'அந்த மேசை' என்று அழுத்திச் சொல்லும்போது பெயருக்குப் பின்னால் ஒரு 'லா' ஒட்டும், அதுதான் இது என்கிறது இன்னொரு கட்சி. இரண்டு பதிலும் பார்வைக்குப் பொருந்துகின்றன. இந்தத் துறையில் முப்பது நாற்பது ஆண்டுகளாக நடக்கும் சண்டையின் சிறு வடிவம் இதுதான். ஒற்றுமையைக் காட்டுவது எளிது. அந்த வடிவம் எந்த ஆண்டில், யார் வாயில் பிறந்தது என்று காட்டுவதுதான் கடினம். கொள்கைகளை எடைபோட அந்தக் கேள்வியையே தராசாக வைத்துக்கொள்ளலாம்.

சொல்லை மட்டும் மாற்றினார்களா?

மொழியியலாளர் கிளேர் லெஃபெவ்ர் 1998-இல் விரிவாக முன்வைத்தது சொல்மாற்றுக் கொள்கை. அடிமைகள் தங்கள் தாய்மொழி இலக்கணத்தை அப்படியே வைத்துக்கொண்டு, அதன் மேல் பிரெஞ்சு ஒலிவடிவங்களை ஒட்டினார்கள் என்பது அதன் சாரம். 'உதடு' என்பதற்கு ஹைட்டியர் 'போ பூஷ்' என்கிறார்கள். 'வாய்த்தோல்' என்று பொருள். ஃபோன் மொழியும் உதட்டை வாயும் தோலும் சேர்ந்த கூட்டுச்சொல்லாகவே சொல்கிறது. இப்படிப்பட்ட சான்றுகள் கண்ணைக் கவரும்.

இடறுவது இங்கேதான்: அந்தக் கூட்டுச்சொல்லில் வரிசை தலைகீழ். ஃபோன் 'வாய்-தோல்' என்கிறது, ஹைட்டி 'தோல்-வாய்' என்கிறது. அது பிரெஞ்சு வரிசை. ஃபோன் மொழியில் இடத்தைக் குறிக்கும் சொற்கள் தமிழின் 'மேல்', 'உள்' போலப் பெயருக்குப் பின்னால் நிற்கும். ஹைட்டியில் அவை முன்னால்தான். இலக்கணம் முழுவதும் ஃபோன் என்றால் இவை எப்படிக் கழன்று விழுந்தன? பன்மைக் குறியிலும் சிக்கல் உண்டு. ஹைட்டியில் 'யோ' என்பது 'அவர்கள்' என்றும் பொருள்படும், பன்மைக் குறியாகவும் வரும். ஃபோன் மொழியில் இவை இரண்டும் வெவ்வேறு சொற்கள். அதன் உறவுமொழியான எவேயில்தான் ஒரே வடிவம். தேவைக்கேற்ப அக்கம்பக்கத்து மொழியிலிருந்து சான்று எடுத்தால் எதையும் நிறுவிவிடலாம். இந்தக் கொள்கையைப் பயன்படுத்துபவர்கள் அதிகம் வழுக்குவது இந்த இடத்தில்தான்.

ஆனாலும் இதைத் தூக்கி எறிய முடியாது. கயானாவின் பெர்பிஸ் டச்சு கிரியோலைப் பாருங்கள். அங்கே அடிமைகளில் பெரும்பகுதியினர் ஒரே மொழிக்குழுவினர்: நைஜர் கழிமுகத்தின் கிழக்கு இஜோ. விளைவாக, '-அப்பு' என்ற இஜோ பன்மை விகுதியே கிரியோலுக்குள் உயிரோடு வந்து சேர்ந்தது. விகுதிகள் பொதுவாகக் கிரியோல் உருவாகும்போது உதிர்ந்துபோகும். அடித்தள மொழி, அதாவது கிரியோலுக்கு அடியில் இருக்கும் பேசுவோரின் பழைய தாய்மொழி, ஒன்றாக இருந்தால் தாங்கும், பலவாக இருந்தால் கரையும். இது ஊகமல்ல, மக்கள்தொகை சொல்லும் செய்தி.

பிரெஞ்சின் பிள்ளைதானா?

ரோபேர் ஷோதான்சோன் வரலாற்றை இரண்டாகப் பிரித்தார். முதலில் சிறு பண்ணைகளின் காலம். வெள்ளையர்களும் அடிமைகளும் எண்ணிக்கையில் நெருக்கமாக இருந்து ஒரே முற்றத்தில் வேலை செய்தார்கள். புதிதாக வந்தவர் ஓரளவு நல்ல பேச்சுப் பிரெஞ்சையே கேட்டுக் கற்றார். பிறகு பெருந்தோட்டக் காலம். கரும்பு பெருகியதும் அடிமைகள் ஆயிரக்கணக்கில் இறக்கப்பட்டார்கள். அவர்கள் கற்றது வெள்ளையரிடமிருந்து அல்ல, முன்பே வந்த அடிமைகளிடமிருந்து. படியெடுத்ததையே மீண்டும் படியெடுத்தது போல. இன்றைய ஹைட்டியான செயின்-டொமிங் என்ற பிரெஞ்சுக் குடியேற்றத்தின் எண்கள் இதோடு ஒத்துப்போகின்றன. 1681 கணக்கெடுப்பில் அங்கே வெள்ளையர்களே பெரும்பான்மை. 1789-இல் வெள்ளையர் சுமார் 30,000, அடிமைகள் 4,50,000-க்கும் மேல்.

இந்தக் கொள்கையின் பெரும் பலம், ஒப்பிட வேண்டிய பிரெஞ்சு எது என்று சரியாகக் கேட்பது. பள்ளிப் பாடநூல் பிரெஞ்சை எடுத்தால் ஹைட்டியின் 'ம் ஆப் மாஞ்ஜே' (சாப்பிட்டுக்கொண்டிருக்கிறேன்) வானத்திலிருந்து விழுந்ததாகத் தோன்றும். 17-ஆம் நூற்றாண்டு வட்டார வழக்கில், ஒரு வேலையில் ஈடுபட்டிருப்பதைச் சொல்ல 'அப்ரே' சேர்ந்த தொடர் சாதாரணம். அதுவே தேய்ந்து 'ஆப்' ஆனது. 'தே' என்ற முற்காலக் குறியும் அதே போல 'இருந்தது' என்ற பிரெஞ்சு வடிவத்தின் தேய்வு. ஆனால் 'தே'யும் 'ஆப்'பும் சேர்ந்து 'ம் தாப் மாஞ்ஜே' (சாப்பிட்டுக்கொண்டிருந்தேன்) என்று அடுக்கும் ஒழுங்கை இந்தக் கொள்கை தெளிவாக விளக்குவதில்லை. காலம் முதலில், வினைநிலை (செயல் நடந்துகொண்டிருக்கிறதா, முடிந்ததா என்பது) பிறகு என்ற இதே அடுக்கு, தொடர்பே இல்லாத பல கிரியோல்களிலும் வருகிறதே?

குழந்தைகள் படைத்தார்களா?

அந்தக் கேள்வியைத்தான் டெரெக் பிக்கர்டன் பிடித்துக்கொண்டார். 1981-இலும் 1984-இலும் அவர் முன்வைத்த உயிரியல் நிரல் கொள்கையின்படி, பல மொழிக்காரர்கள் வேலைக்காகப் பேசும் சிதறிய இடைமொழியான பிட்ஜினை மட்டும் கேட்டு வளரும் குழந்தைகள் மூளையில் பிறப்போடு வந்த இலக்கணத்தால் ஓட்டைகளை அடைத்துவிடுகிறார்கள். அதனால்தான் உலகெங்கும் கிரியோல்கள் ஒத்திருக்கின்றன. சான்றுக்கு அவர் எடுத்தது ஹவாய். 1876-க்குப் பின் சர்க்கரைத் தோட்டங்களுக்குச் சீனர், போர்த்துகேயர், ஜப்பானியர், கொரியர், பிலிப்பைன்ஸ்காரர்கள் அலையலையாக வந்தார்கள். குடிவந்த முதியவர்களின் பேச்சு ஆளுக்கு ஒரு விதம், அங்கே பிறந்தவர்களின் பேச்சு ஒரே சீர் என்று 1970-களின் கள ஆய்வில் கண்டார்.

குறை ஆய்வு முறையிலேயே இருந்தது. 1970-களில் முதியவர் பேசிய பிட்ஜினை 1900-இன் பிட்ஜினாக எடுத்துக்கொள்ள முடியாது. சாரா ராபர்ட்ஸ் பழைய செய்தித்தாள்களையும் நீதிமன்றப் பதிவுகளையும் தோண்டி 1998-இல் வெளியிட்ட ஆய்வில் வேறொரு படம் வந்தது. ஹவாயில் பிறந்த முதல் தலைமுறையில் பெரும்பாலோர் வீட்டில் பெற்றோர் மொழியை முழுமையாகப் பேசிய இருமொழியாளர்கள். மொழியே கிடைக்காத குழந்தைகள் அல்ல. கிரியோலைத் தாய்மொழியாகக் கொண்டவர்கள் அதற்கு அடுத்த தலைமுறைதான். இதோடு ஜெஃப் சீகல் காட்டியதையும் சேர்த்துப் பாருங்கள். 'ஐ ஸ்டே ஈட்' (சாப்பிட்டுக்கொண்டிருக்கிறேன்) என்பதில் வரும் 'ஸ்டே' போர்த்துகேயத்தின் 'எஸ்தார்' ('இரு' என்ற வினை) செய்யும் அதே வேலையைச் செய்கிறது. 'கெட் ஒன் டாக்' என்றால் 'ஒரு நாய் இருக்கிறது'. 'இருக்கிறது'க்கும் 'வைத்திருக்கிறான்'க்கும் ஒரே சொல் என்பது சீனத்தின் கான்டனீஸ் வழக்கம். ஹவாய் சார்ந்த வாதம் இதற்குப் பின் நிற்கவில்லை என்பதே என் முடிவு.

குழந்தைகளின் பங்கு பற்றிய கேள்வி அதோடு முடிந்துவிடவில்லை. அதற்கான சிறந்த சான்று தோட்டங்களில் இல்லை, நிகராகுவாவில் இருக்கிறது. 1977-இல் மனாகுவாவில் காது கேளாத குழந்தைகளுக்கான சிறப்புப் பள்ளி தொடங்கியபின், அதுவரை தனித்தனி வீடுகளில் முடங்கியிருந்த பிள்ளைகள் கூடியதும் ஒரு சைகைமொழி முளைத்தது. ஆன் செங்காஸ் குழுவினர் 2004-இல் சோதித்தது மிக எளிய ஒன்று: சரிவில் உருண்டு இறங்குவதை எப்படிக் காட்டுகிறார்கள்? காது கேட்பவர்களின் கைச்சைகையில் உருள்வதும் இறங்குவதும் ஒரே அசைவு. பள்ளிக்கு முதலில் வந்த தலைமுறையும் பெரும்பாலும் அப்படியே. பின்னால் வந்த சிறுவர்கள் 'உருள்', 'இறங்கு' என்று இரண்டாகப் பிரித்து அடுக்கினார்கள். பிரித்து அடுக்குவதுதான் இலக்கணத்தின் அடிப்படை. பிக்கர்டனின் குறிப்பிட்ட நிரலை இது நிறுவவில்லை. வடிவத்தைக் கூர்மையாக்குவது சிறுவர்கள் என்பதை மட்டும் நிறுவுகிறது.

மட்டக்களப்பும் மலாக்காவும்

தமிழ் வாசகருக்கு மிக அருகில் இருக்கும் சோதனைச்சாலை மட்டக்களப்பு. போர்த்துகேயர் வழிவந்த பறங்கியர் பேசும் இலங்கைப் போர்த்துகேய கிரியோல் 1658-இல் போர்த்துகேயர் வெளியேறிய பின்னும் தங்கி நின்றது. 1970-களில் இயன் ஸ்மித் அதை விரிவாக விவரித்தார். வினை கடைசியில் வரும். வேற்றுமை உருபு பெயருக்குப் பின்னால் வரும்: 'பாரா' என்ற முன்னுருபு 'ப' என்று குறுகிப் பின்னொட்டானது, 'சுவா' என்ற உடைமைச்சொல் '-சு' ஆனது. ஆறாம் வேற்றுமை 'ஜானுடைய வீடு' என்ற வரிசையில் அப்படியே உட்காருகிறது.

தமிழ் விழுங்கிவிட்டது என்று சொல்லிவிடலாமா? அவசரம் வேண்டாம். நான்காம் வேற்றுமைக்கும் இரண்டாம் வேற்றுமைக்கும் அங்கே ஒரே 'ப'. தமிழில் 'கு' வேறு, 'ஐ' வேறு. இரண்டையும் ஒன்றாக்குவது ஸ்பானிஷ், போர்த்துகேயம் போன்ற ஐபீரிய மொழிகளின் பழக்கம். பழைய போர்த்துகேயத்தில் மனிதரைக் குறிக்கும் செயப்படுபொருளுக்கு முன்னும் கொடைப்பொருளுக்கு முன்னும் அதே 'அ' வரும். காலக்குறிகளும் தமிழைப் பின்பற்றவில்லை. இறந்தகால 'ஜா', நிகழ்கால 'தா', எதிர்கால 'லோ' மூன்றும் இன்னும் வினைக்கு முன்னால்தான் நிற்கின்றன.

இப்போது மலேசியாவின் மலாக்காவில் பேசப்படும் போர்த்துகேய கிரியோலான கிரிஸ்தாங்கை அருகில் வையுங்கள். 'ஜா', 'தா', 'லோகு' அங்கேயும் அதே இடத்தில். ஆனால் வினை நடுவில், செயப்படுபொருள் உருபு பெயருக்கு முன்னால். இரண்டுக்கும் பொதுவானது ஆசியாவெங்கும் பரவிய கடற்கரைப் போர்த்துகேயத்தின் சொத்து. வேறுபடுவது உள்ளூரில் ஏறியது. கூடவே காலக் கேள்வியும் உண்டு. 19-ஆம் நூற்றாண்டில் இலங்கையில் வெஸ்லியன் மிஷனரிகள் அச்சிட்ட கிரியோல் நூல்களில் சொல்வரிசை ஐரோப்பிய வரிசை. அதை மட்டும் நம்பினால் தமிழ்ச் சாயல் முழுவதும் பிறகு வந்தது என்றாகிவிடும். மிஷனரியின் பேனா தெருப்பேச்சை அப்படியே எழுதாது என்பதால் அந்தச் சான்றைப் பாதி எடையில்தான் ஏற்க வேண்டும். எப்படியிருந்தாலும் ஒன்று தெளிவு: அடித்தள மொழியோடு ஒத்திருப்பது பிறப்பிலேயே வந்ததாக இருக்க வேண்டியதில்லை, நூற்றாண்டுகள் நீண்ட இருமொழி வாழ்க்கையிலும் வரலாம். ஹைட்டியில் அப்படியான நீண்ட இருமொழி வாழ்க்கை இல்லை; அங்கே ஆப்பிரிக்க மொழிகள் சில தலைமுறைகளில் மறைந்தன. இரண்டு ஊருக்கும் ஒரே சூத்திரம் பொருந்தாததன் காரணம் இதுவே.

எளிமை என்ற வாதம்

கிரியோல்களில் விகுதி குறைவு, சொற்பொருளை மாற்றும் தொனி இல்லை, சொல்லாக்க விகுதிகளின் பொருள் சீரானது. எனவே இவை தனி இனம், இளம் மொழிகள் என்றார் ஜான் மெக்வோர்டர், 1998-இல். ஹைட்டியரான மிஷேல் டெக்ராஃப் 2003-இல் கடுமையாக மறுத்தார், நியாயமாகவே. எதோடு ஒப்பிட்டு எளிமை? பிரெஞ்சு எழுத்தில் பல வினைவடிவங்கள் இருந்தாலும் 'பேசுகிறேன், பேசுகிறாய், பேசுகிறான், பேசுகிறார்கள்' நான்கும் உச்சரிப்பில் ஒரே ஒலி. காதால் கற்றவருக்கு அந்த விகுதிகள் இருந்ததே இல்லை.

எதை எடுப்பது?

சாலிகோகோ முஃப்வேனேயின் பண்புக் குளக் கொள்கையே என் தேர்வு. வந்து சேர்ந்த எல்லா மொழிகளின், எல்லா வட்டார வழக்குகளின் கூறுகளும் ஒரு குளத்தில் போட்டியிடுகின்றன. அடிக்கடி கேட்பதும், காதில் தெளிவாக விழுவதும், ஒன்றுக்கு மேற்பட்ட மூலங்கள் ஆதரிப்பதும் வெல்கின்றன. 'தாப் லா'வில் ஃபோன் உருபும் பிரெஞ்சுப் பேச்சு 'லா'வும் ஒரே இடத்தைச் சுட்டின. இரண்டு கட்சியும் சண்டையிடத் தேவையே இல்லை, ஒன்றை ஒன்று தாங்கின. மறுபுறம் ஃபோனின் பின்னிடச் சொற்களுக்குப் பிரெஞ்சில் துணை இல்லை, அவை தோற்றன.

இதற்கும் பலவீனம் உண்டு: நடந்து முடிந்த எதையும் விளக்கிவிடும். அதைத் தடுக்க ஒரு வழிதான் இருக்கிறது. முடிவைப் பார்க்கும் முன்பே எண்களை எழுதிவைக்க வேண்டும்: எந்தப் பத்தாண்டில் எந்த மொழியினர் எத்தனை பேர், அந்தக் கூறு எத்தனை மூலங்களில் இருந்தது, அன்றைய பேச்சில் எவ்வளவு அடிக்கடி வந்தது. 2013-இல் வெளிவந்த பிட்ஜின், கிரியோல் மொழிகளின் அமைப்பு அட்லஸ் 76 மொழிகளில் 130 கூறுகளைப் பதிந்திருக்கிறது. கூறுகள் தயார். கப்பல் பதிவேடுகளிலிருந்தும் தோட்டக் கணக்குகளிலிருந்தும் பத்தாண்டு வாரியாக எடுக்கும் எண்களை அவற்றோடு பொருத்தும் வேலை இன்னும் ஒவ்வொரு தீவாகவே நடந்துகொண்டிருக்கிறது.